பாஸ்ட் வணக்கம்

மனிதனுக்கு மூளை தலையில் இருப்பதாகப் பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுத்தார்கள். மின்சார ரயிலில் பத்து வருடம் வேலைக்குப் போய்வந்தவனுக்கு அது முழங்காலுக்குக் கீழே இறங்கிவிடும் என்பதை மட்டும் யாரும் சொல்லவில்லை. எனக்கு இறங்கிவிட்டது. அதன் பலனாக ஒரு ரயில்வே அதிகாரி, ஒரு பூக்கார அம்மா, ஒரு நாய் ஆகிய மூவர் முன்னிலையில் என் மானம் மணிக்கு எண்பது கிலோமீட்டர் வேகத்தில் போனது.

எங்கள் ஸ்டேஷன் தாம்பரத்துக்கும் கூடுவாஞ்சேரிக்கும் நடுவில் இருக்கிறது. பெயரைச் சொல்ல மாட்டேன். (நடுவில் இருப்பதே இரண்டு மூன்று ஸ்டேஷன்தான். கண்டுபிடிக்கிறவர்கள் கண்டுபிடித்துக்கொள்ளட்டும்.) அப்போது அங்கே இரண்டு பிளாட்பாரம், ஒரு நடைமேம்பாலம், ஒரே ஒரு டிக்கெட் கவுன்டர், ஒரு வேப்பமரம், தண்ணீர் வரும் குழாய் ஒன்று, வராத குழாய் ஒன்று. ஸ்லோ வண்டிகள் நிற்கும். பாஸ்ட் நிற்காது. பாஸ்ட் கடக்கும்போது பெண்கள் முந்தானையையும் ஆண்கள் செய்தித்தாளையும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு நிற்போம்.

காலை நேரத்து ஸ்லோ எங்கள் ஊருக்கு வரும்போது, உள்ளே இருப்பவர்கள் மூச்சை இழுத்தால் வெளியே தொங்குபவர்கள் விழுந்துவிடுவார்கள் என்கிற அளவுக்கு நிரம்பியிருக்கும். இதற்கு எங்கள் ஊர்க்காரர்கள் ஒரு வழி கண்டுபிடித்திருந்தார்கள். அதற்குப் பெயர் ரிவர்ஸ். சென்னைக்குப் போக வேண்டியவன் முதலில் செங்கல்பட்டு பக்கம் போகிற வண்டியில் ஏறி, கூடுவாஞ்சேரியில் இறங்குவான். அங்கே ஒரு பாஸ்ட் காலியாக நின்றுகொண்டிருக்கும். ஓடிப்போய் ஜன்னலோரத்தில் கைக்குட்டையைப் போட்டு உட்கார்ந்துவிட்டால் ராஜ வாழ்க்கை. அந்த பாஸ்ட் அடுத்தபடியாகத் தாம்பரத்தில்தான் நிற்கும் என்பதால், வழியில் எங்கள் ஸ்டேஷனை நாங்களே விருட்டென்று கடந்து போவோம். என் வீட்டு மொட்டைமாடியில் காயும் என் சட்டையை நானே ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டு போன நாட்கள் உண்டு.

நாங்கள் நேர்மையானவர்கள் என்பதால் எல்லோரும் சீசன் டிக்கெட்டைக் கூடுவாஞ்சேரியிலிருந்தே எடுத்திருந்தோம். இந்த நேர்மை பின்னால் எங்களைக் கடித்தது.

உட்கார இடம் கிடைத்ததே தவிர, இந்தச் சுற்றுப்பயணம் தினமும் காலையில் முக்கால் மணி நேரத்தைத் தின்றது. என் மகள் அனு அப்போது இரண்டாம் வகுப்பு. அவளுடைய பள்ளி வேன் ஏழே முக்காலுக்கு வரும். நான் ஏழு மணிக்கே கிளம்பிவிடுவேன். அவளை வேனில் ஏற்றிவிட எனக்கு மிச்சமிருந்தது ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான். அன்றைக்கு வேன் வராது.

ஒருநாள் அவள் ஷூ மாட்டிக்கொண்டே கேட்டாள். "அப்பா, நிஷாவோட அப்பா தினமும் வேனுக்கு டாட்டா சொல்றார். நீ ஏன் சொல்ல மாட்டேங்கற?"

"அப்பாவுக்கு ரயிலுக்கு நேரமாயிடும்டா."

"ரயில் நம்ம ஊர்லதானே இருக்கு?"

என் மனைவி வசந்தி தோசைக் கரண்டியோடு எட்டிப் பார்த்து, "நல்லாக் கேளு. ஊர்ல இருக்கற ரயிலை விட்டுட்டு அடுத்த ஊருக்குப் போய் ஏறுற அதிசயம் உங்கப்பாதான்" என்றாள். அன்றைக்குத்தான் எங்கள் ஸ்டேஷனின் பயணிகள் சங்கத்தில் சேர்ந்தேன். மூன்றே மாதத்தில் செயலாளர் ஆகிவிட்டேன். (திறமையால் அல்ல. மற்ற யாருக்கும் கையெழுத்து நன்றாக இல்லை.)

சங்கத்தின் ஒரே கோரிக்கை, அந்த ஒரு காலை பாஸ்ட் எங்கள் ஊரில் அரை நிமிடம் நிற்க வேண்டும். மனு மேல் மனுவாக எழுதினேன். ஒருநாள் பதில் வந்தது. உங்கள் நிலையத்தில் எடுக்கப்படும் சீசன் டிக்கெட்டுகள் மிகக் குறைவு, ஆகவே பரிசீலிக்க இயலவில்லை என்று மரியாதையாகவே எழுதியிருந்தார்கள். வேப்பமரத்தடியில் நடந்த கூட்டத்தில் நான் கொதித்துப்போய்ப் பேசினேன். "இத்தனை பேர் தினமும் போகிறோமே, நாமெல்லாம் எங்கே போனோம்?" என்று நெஞ்சில் தட்டிக் கேட்டேன். தட்டிய இடத்தில், சட்டைப் பைக்குள், என் கூடுவாஞ்சேரி சீசன் டிக்கெட் இருந்தது. எனக்கு உறைக்கவில்லை. கை தட்டிய யாருக்கும் உறைக்கவில்லை.

நேரில் வந்து கூட்டத்தைப் பாருங்கள் என்று அடுத்த மனுவில் சவால் விட்டேன். ஆச்சரியமாக, ஒரு அதிகாரி புதன்கிழமை காலை எட்டு மணிக்கு வருவதாகத் தகவல் வந்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை.

அதிகாரியிடம் கொடுக்க 'நமது நிலையம்: வரலாறும் சேவைகளும்' என்ற தலைப்பில் பதினோரு பக்கத்துக்கு ஒரு மனு தயாரித்தேன். சேவைகள் அரைப் பக்கத்தில் முடிந்துவிட்டன. வரலாற்றைத்தான் தேடி அலைந்தேன். மீட்டர்கேஜ் காலத்தில் இங்கே ஒரே ஒரு மண் பிளாட்பாரம் இருந்தது, விளக்குக்கு மண்ணெண்ணெய் ஊற்ற ஒரு ஆள் தாம்பரத்திலிருந்து வருவார், இவ்வளவுதான் உருப்படியாகக் கிடைத்தது. பிளாட்பாரம் யார் நிலத்தில் வந்தது என்று விசாரித்தபோது, ஒருகாலத்தில் இங்கே நெல் விளைவித்து இப்போது வாடகை வசூலிக்கும் மூன்று குடும்பங்கள் தனித்தனியாக உரிமை கொண்டாடின. ஹார்டுவேர் கடைக்காரர், "டிக்கெட் கவுன்டர் கீதே, அது எங்க பெரியப்பாவோட களத்துமேடு" என்றார். மாவு மில்காரர் அதே இடத்தைத் தங்கள் மாட்டுத்தொழுவம் என்றார். சண்டை வேண்டாம் என்று மூவரையும் எழுதிவிட்டேன். அந்த மனுவின்படி எங்கள் டிக்கெட் கவுன்டர் ஒரே சமயத்தில் களத்துமேடாகவும் தொழுவமாகவும் கிணறாகவும் இருந்திருக்கிறது.

முதல் வரியை மட்டும் நாலு நாள் செதுக்கினேன். 'தினந்தோறும் நமது நிலையத்தில் அலைமோதும் மக்கள் வெள்ளத்தைத் தாங்களே நேரில் கண்டு திகைத்து நிற்கும் இவ்வேளையில்' என்று ஆரம்பித்தது.

திட்டமும் பக்காவாக இருந்தது. புதன்கிழமை ஒருவரும் ரிவர்ஸ் போகக் கூடாது. ஏழரையிலிருந்து எல்லோரும் சென்னைப் பக்கத்துப் பிளாட்பாரத்தில் கூடி நிற்க வேண்டும். வீடு வீடாகச் சொன்னேன், ஆளாளுக்கு எஸ்.எம்.எஸ். அனுப்பினேன். படிக்கட்டின் கீழே பூ விற்கும் தேவகி அக்காவிடம் ஒரு மாலைக்குச் சொன்னேன். சங்கத் தலைவர் பார்த்தசாரதி சார் மட்டும், தான் வருவதைவிடக் கடவுளிடம் சொல்வது பலன் தரும் என்று அன்று விடிகாலையிலேயே திருநீர்மலைக்குப் போய்விட்டார். அவர் மலை ஏறிக்கொண்டிருந்த நேரத்தில்தான் நான் கவிழ்ந்தேன்.

காலை ஏழு மணிக்கே ஸ்டேஷனில் இருந்தேன். அயர்ன் செய்த சட்டை, கையில் ஃபைல். ஏழரைக்குள் கூட்டம் சேர்ந்துவிட்டது. இத்தனை பேர் என் பேச்சைக் கேட்டு வந்திருக்கிறார்களே என்று, மனுவை ஒருமுறை உரக்கப் படித்துப் பார்த்துக்கொள்ள ஓரமாகப் போனேன். படித்துக்கொண்டே நடந்தேன். 'மீட்டர்கேஜ் காலந்தொட்டு' என்ற இடத்தில் நடைமேம்பாலத்தில் ஏறியிருக்கிறேன். 'களத்துமேட்டை மனமுவந்து ஈந்த' என்ற இடத்தில் எதிர்ப் பிளாட்பாரத்தில் இறங்கியிருக்கிறேன். வண்டி வந்தது. கால் ஏறிவிட்டது.

நான் ஏறியதைக் கூட்டம் முழுவதும் பார்த்தது. செயலாளரே ஏறுகிறார் என்றால் ஏதோ திட்டம் மாறிவிட்டது என்று அத்தனை பேரும் பாலத்தில் தடதடவென்று ஓடிவந்து பின்னாலேயே ஏறிவிட்டார்கள். எனக்கு அப்போதாவது சந்தேகம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. தலையைத் தூக்கிப் பார்த்தேன், சுற்றிலும் தினமும் பார்க்கிற அதே முகங்கள். எல்லாம் சரியாக இருப்பதாகத் தோன்றியது. மறுபடி வரலாற்றில் மூழ்கிவிட்டேன்.

கூடுவாஞ்சேரியில் இறங்கினேன், ஓடினேன், கைக்குட்டை போட்டேன், ஜன்னலோரம் உட்கார்ந்தேன். பாஸ்ட் கிளம்பியது. நல்ல காற்று. எதிர் சீட்டில் என் நண்பன் சேகர், கம்பார்ட்மென்டை ஒருமுறை நோட்டம் விட்டுவிட்டுக் கேட்டான்.

"மச்சான், ஆபீசரு எந்தப் பொட்டில கீறாரு?"

"எந்த ஆபீசரு?"

"இன்னா மச்சான், எந்த ஆபீசருன்றே. கூடுவாஞ்சேரிலேர்ந்து அவர கூட்டினு வரத்தானே எல்லாரையும் இட்டாந்தே?"

என் மடியில் இருந்த ஃபைலைப் பார்த்தேன். ஜன்னலைப் பார்த்தேன். பக்கத்து சீட், பின் சீட், கதவோரம் எல்லாவற்றையும் பார்த்தேன். எங்கள் ஊரின் மக்கள் வெள்ளம் முழுதும் அந்தப் பெட்டியிலும் அடுத்த பெட்டியிலும் சவுகரியமாக உட்கார்ந்து என்னையே நம்பிக்கையோடு பார்த்துக்கொண்டிருந்தது.

"நிறுத்தணும்" என்றேன்.

"இது பாஸ்ட் மச்சான். நம்ம ஊர்ல நிக்காது. அதுக்குத்தானே மனு கொடுக்கப் போறோம்" என்றான் சேகர்.

தேவகி அக்காவுக்குப் போன் போட்டேன். மணி அடித்துக்கொண்டே இருந்தது. (மாலை கட்டும்போது ஈரக்கையால் போனைத் தொட மாட்டாராம்.) அதற்குள் எங்கள் ஊர் மாவு மில் வந்தது. மொட்டைமாடி வந்தது, என் சட்டை வந்தது, பிளாட்பாரம் வந்தது. கூட்டி விட்டதுபோல் சுத்தமாக, ஆளில்லாமல், நீண்டு கிடந்தது. நடுவில் ஒரு அம்மா கையில் நோட்டுப் புத்தகத்தோடு நின்றுகொண்டிருந்தார். அதிகாரி என்றால் சஃபாரி சூட் போட்ட ஆண் என்றுதான் நான் மனுவில் 'ஐயா' என்று பதினான்கு இடத்தில் எழுதியிருந்தேன். அவருக்குப் பக்கத்தில் மாலையோடு தேவகி அக்கா. காலடியில் ஒரு நாய்.

அந்த நொடியில் ஒரு புத்திசாலி என்ன செய்திருப்பானோ தெரியாது. நான் ஜன்னல் கம்பி வழியாக இரண்டு கைகளையும் கூப்பி வணக்கம் வைத்தேன். செயலாளர் வைக்கிறாரே என்று பெட்டி முழுவதும் வணக்கம் வைத்தது. அடுத்த பெட்டியும் வைத்தது. அந்த அம்மா ஒன்றும் புரியாமல் பாதி கையைத் தூக்கினார். தேவகி அக்கா மட்டும் எங்களை விரலால் சுட்டிக்காட்டி ஏதோ சொன்னது தெரிந்தது. பிறகு வேப்பமரம் கடந்துபோனது.

தாம்பரம் வரைக்கும் நான் அனுவுக்கு என்ன சொல்வது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். முந்தின இரவு அவளிடம் ஜம்பமாக, "இனிமே அப்பாதான் உன்னை வேன் ஏத்திவிடப் போறேன்" என்று சொல்லியிருந்தேன். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. காற்று என்று சேகரிடம் சொன்னேன்.

தாம்பரத்தில் மற்றவர்கள் வேலைக்குப் போக அதே வண்டியில் உட்கார்ந்துவிட, நான் மட்டும் இறங்கி, செங்கல்பட்டு போகும் ஸ்லோவைப் பிடித்தேன். ஊர் வந்து சேர அரைமணி நேரத்துக்கு மேல் ஆகிவிட்டது. அதிகாரி போயிருப்பார் என்று நினைத்துக்கொண்டே பாலம் இறங்கினேன். போகவில்லை. தேவகி அக்காவின் கவிழ்த்த கூடை மேல் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார்.

"இன்னா சார் நீ, வூட்டுக்கு விருந்தாளிய வரச்சொல்லிட்டு நீ பாட்டுக்கு ரயில்ல பூட்டே. இந்தம்மா ஒண்டியா நின்னுகினு கீது" என்றார் தேவகி அக்கா.

அதிகாரி டீ டம்ளரைக் கீழே வைத்தார். "வணக்கம் வச்சது நீங்கதானே?"

"ஆமா மேடம்."

"மனு எங்கே?"

கொடுத்தேன். வாய்விட்டே படிக்க ஆரம்பித்தார். "தினந்தோறும் நமது நிலையத்தில் அலைமோதும் மக்கள் வெள்ளத்தைத் தாங்களே நேரில் கண்டு திகைத்து நிற்கும் இவ்வேளையில்..." நிறுத்திவிட்டுப் பிளாட்பாரத்தை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை பார்த்தார். நாய் படுத்திருந்தது. அது கொட்டாவி விட்டது.

"திகைச்சுத்தான் நிக்கறேன்" என்றார்.

நான் தரையைப் பார்த்தேன். தரை பிளக்கவில்லை.

"உங்க சீசன் டிக்கெட்டைக் காட்டுங்க."

காட்டினேன். கூடுவாஞ்சேரி முதல் கடற்கரை வரை என்று அதில் பளிச்சென்று இருந்தது. நெஞ்சில் தட்டிக் கேட்ட கேள்விக்குப் பதில் அப்போதுதான் எனக்குக் கிடைத்தது. அந்த அம்மா டிக்கெட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், பிறகு தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தார்.

"எட்டு மணிக்கு வந்து நின்னேன் சார். ஒருத்தர்கூட இல்லை. பொய் மனுன்னு எழுதிட்டுக் கிளம்பலாம்னு இருந்தேன். சங்கத்துக்காரங்க எங்கன்னு இவங்களைக் கேட்டேன். இப்ப ரயில்ல வருவாங்கம்மான்னாங்க. சரி, இறங்கட்டும், பேசிக்கலாம்னேன். எறங்க முடியாதும்மா, அது இங்க நிக்காத வண்டி, அதுக்குத்தான் மனுன்னாங்க. சொல்லி வாயை மூடலை, ரெண்டு பெட்டி நிறைய ஜனம் என்னைக் கும்பிட்டுக்கிட்டே போகுது. இத்தனை வருஷ சர்வீஸ்ல எத்தனையோ மனு வாங்கியிருக்கேன். கூட்டம் எங்கே போச்சுன்னு கூட்டமே வந்து காட்டிட்டுப் போனது இதுதான் முதல் தடவை."

"நான் சும்மா உள்ளத சொன்னேன்" என்றார் தேவகி அக்கா, மாலைக்குத் தண்ணீர் தெளித்தபடி.

அதிகாரி எழுந்தார். "பாருங்க சார், நான் எதுவும் சத்தியம் பண்ண முடியாது. ஆனா ஒண்ணு செய்யுங்க. மூணு மாசம், உங்க ஊர்க்காரங்க சீசனை உங்க ஊர் கவுன்டர்லயே எடுக்கட்டும். உங்க பிளாட்பாரத்துலயே ஏறட்டும். அப்புறம் நான் எழுதறேன்." கிளம்பும்போது திரும்பி, "மனுவையும் கொஞ்சம் சுருக்குங்க. அந்த மாட்டுத்தொழுவம் வேண்டாம்" என்றார்.

அன்று மாலை வீட்டில் நடந்ததை ஒளிக்காமல் சொன்னேன். வசந்தி சிரித்துச் சிரித்துப் புரையேறி, தண்ணீர் குடித்துவிட்டு மறுபடி சிரித்தாள். அனு மட்டும் சிரிக்காமல், "அப்ப அந்த ஆன்ட்டி உனக்கு டாட்டா சொன்னாங்களா?" என்று கேட்டாள்.

"பாதி சொன்னாங்கடா."

"மீதி எப்ப சொல்வாங்க?"

மூன்று மாதம் கழித்து என்றேன். அந்த மூன்று மாதத்தை நினைத்தால் இன்றும் விலா வலிக்கிறது. ஜன்னலோர சீட்டை விட்டுவிட்டு ஸ்லோவில் பிதுங்கிக்கொண்டு போங்கள் என்று மனிதர்களைக் கேட்பது லேசில்லை. கிடைக்குமோ கிடைக்காதோ தெரியாத ஒரு அரை நிமிடத்துக்காகக் கேட்டேன். "உன்ன நம்பி ஒரு தபா ஏறினதே போதும் சார்" என்றார் ஹார்டுவேர் கடைக்காரர். ஆனால் சீசன் எடுக்க வரிசையில் நின்ற முதல் ஆளும் அவர்தான். அவருடைய பெரியப்பாவின் களத்துமேட்டில் ஒரு வரிசை நிற்பதைப் பார்க்க அவருக்கு ஆசை. சேகர் முனகிக்கொண்டே வந்தான். என் கால் நாலு முறை எதிர்ப் பிளாட்பாரத்துக்குக் கிளம்பியது. நாலு முறையும் தேவகி அக்கா கீழேயிருந்து, "செயலாளரே, எங்க போறே" என்று குரல் கொடுத்துத் திருப்பினார். அதற்காகவே படிக்கட்டு ஓரத்தில் கூடையை நகர்த்தி வைத்திருந்தார்.

அதிகாரி சொன்னபடி எழுதினார். பரீட்சார்த்தமாக என்று ஒரு உத்தரவு வந்தது. அது அமலுக்கு வந்த திங்கட்கிழமை நான் வீட்டு வாசலில் நின்று அனுவை வேனில் ஏற்றிவிட்டேன். அவள் பின் சீட்டுக்குப் போய்க் கண்ணாடியில் மூக்கை அழுத்திக்கொண்டு, வேன் தெரு முனை திரும்பும்வரை கை ஆட்டினாள். நானும் ஆட்டினேன். நிஷாவின் அப்பாவைவிட அதிகமாகவே ஆட்டினேன். பிறகு நடந்தே ஸ்டேஷனுக்குப் போனேன். பாஸ்ட் வந்து, வேகம் குறைத்து, எங்கள் ஊரில் நின்றது. தேவகி அக்கா, போன தடவை வீணாய்ப்போன மாலைக்குப் பதிலாகப் புதிதாகக் கட்டிய மாலையை டிரைவரிடம் நீட்டினார்.

வண்டியில் உட்கார இடம் இல்லை. நாங்கள் விட்டுவிட்ட ஜன்னலோரங்களை எல்லாம் கூடுவாஞ்சேரிக்காரர்கள் பிடித்துவிட்டிருந்தார்கள். எழும்பூர் வரை ஒற்றைக் காலில் நின்றுகொண்டு போனேன். என் வாழ்க்கையின் மிகச் சுகமான பயணம் அது.

பரீட்சார்த்தம் என்றார்கள், வருடங்கள் ஓடிவிட்டன, இன்னும் நிற்கிறது. எங்கள் வீட்டில் அந்தப் புதன்கிழமையும் நிற்கிறது. கல்யாண வீட்டில் சாப்பிட்டுவிட்டு நான் நைசாக நழுவினால், "உங்கப்பா பாஸ்ட் வணக்கம் போட்டுட்டார்" என்பாள் வசந்தி. வீட்டுக்கு யாராவது வந்து, நின்றபடியே நலம் விசாரித்துவிட்டுப் போனால் அதுவும் பாஸ்ட் வணக்கம்தான். சொந்தக்காரர்கள் வீடுகளில்கூட இப்போது அப்படித்தான் சொல்கிறார்கள். காரணம் தெரியாதவர்களுக்குக் காரணமும் என் முன்னாலேயே விளக்கப்படும்.

அனு இப்போது காட்டாங்குளத்தூரில் கல்லூரி முதல் வருடம். காலையில் இரண்டு பேரும் சேர்ந்தே ஸ்டேஷனுக்கு வருகிறோம். நான் சென்னைப் பக்கத்துப் பிளாட்பாரம், அவள் எதிர்ப் பிளாட்பாரம். அவள் வண்டிதான் முதலில் வரும். அன்றைக்கு என் கால் ஏறிய அதே வண்டி. அது நகரும்போது ஜன்னலோரமாக உட்கார்ந்து, பெட்டியில் இருப்பவர்கள் எல்லாம் பார்க்க, இரண்டு கைகளையும் கூப்பி எனக்கு வணக்கம் வைப்பாள். தேவகி அக்கா சிரிப்பார். நான் பாதியில் நிறுத்தாமல் கையை முழுசாகத் தூக்கி, வண்டி மறையும்வரை டாட்டா சொல்லிக்கொண்டிருப்பேன். அவசரமில்லை, என் பாஸ்ட் இங்கேதான் வந்து நிற்கும்.